யாரும் செய்யாத கடிகாரம்

ஒரு தாளையும் பென்சிலையும் எடுத்துக்கொள்ளுங்கள். இந்த வாரப் பாடத்துக்கு ஒரு படம் வரைய வேண்டும்.

1980-இல் வெளிவந்த ‘சம்வேர் இன் டைம்’ என்ற ஹாலிவுட் படத்தில் ஒரு சட்டைப்பைக் கடிகாரம் வரும். கதை 1972-இல் தொடங்குகிறது. ரிச்சர்ட் என்ற இளம் நாடக எழுத்தாளரிடம் (சூப்பர்மேனாக நடித்த கிறிஸ்டோபர் ரீவ்தான்) முன்பின் தெரியாத மூதாட்டி ஒருவர் வருகிறார். கடிகாரத்தை அவர் கையில் வைத்து, தம்மிடம் திரும்பி வரும்படி கேட்டுக்கொண்டு போய்விடுகிறார். எட்டு ஆண்டுகள் கழித்து ரிச்சர்ட், அந்தக் கடிகாரத்தோடு 1912-ஆம் ஆண்டுக்குச் செல்கிறார். அங்கே எலீஸ் என்ற நடிகையைக் காதலிக்கிறார். பிறகு எதிர்பாராமல் தம் காலத்துக்கே திரும்பிவிடுகிறார். கடிகாரம் எலீசிடம் தங்கிவிடுகிறது. அவர் அதை 60 ஆண்டுகள் காப்பாற்றி வைத்து, 1972-இல் ரிச்சர்டிடம் கொடுக்கிறார். அந்த மூதாட்டி அவர்தான்.

காதலை ஒதுக்கிவிட்டுக் கடிகாரத்தை மட்டும் பார்ப்போம். அதைச் செய்தது யார்?

தாளின் இடப்பக்கம் 1912, வலப்பக்கம் 1980 என்று எழுதி ஒரு கோட்டால் இணையுங்கள். நடுவே 1972-இல் ஒரு புள்ளி: அங்கேதான் கை மாறுகிறது. 1980-இலிருந்து வளைவாக ஒரு கோட்டை 1912-க்குத் திருப்புங்கள். கடிகாரத்தின் வாழ்க்கை முழுவதும் அந்த வளையத்துக்குள்ளேயே இருக்கிறது. தொழிற்சாலைக்குப் போகும் கோடு இல்லை. குப்பைத் தொட்டிக்குப் போகும் கோடும் இல்லை. தனக்குத் தானே காரணமான காலச்சுழல் என்பது இதுதான். (‘மாநாடு’ படத்தில் ஒரே நாள் திரும்பத் திரும்ப வருமே, அது வேறு வகை. இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டாம்.)

இங்கே பலரும் சறுக்குகிறார்கள். “முதல் சுற்றில் கடிகாரம் எங்கிருந்து வந்தது?” என்று கேட்பார்கள். முதல் சுற்று, இரண்டாம் சுற்று என்று எதுவும் கிடையாது. 1912 ஒரே ஒரு முறைதான் நடக்கிறது, 1980-உம் ஒரே முறைதான். கடிகாரம் மொத்தம் 68 ஆண்டுகள் இருக்கிறது. அதன் முடிவும் தொடக்கமும் ஒட்டியிருக்கின்றன. அவ்வளவுதான்.

ஆனால் இதிலிருந்து ஒரு கடினமான நிபந்தனை பிறக்கிறது. 1980-இல் கிளம்பும் கடிகாரமும் 1912-இல் வந்து சேரும் கடிகாரமும் ஒன்றே. எனவே 68 ஆண்டுகளில் விழும் ஒவ்வொரு கீறலும் அதே 68 ஆண்டுகளுக்குள் மறைந்தாக வேண்டும். தேய்மானம் ஓர் அணுவளவு மிஞ்சினாலும் வளையம் பொருந்தாது. தானாகத் தேயும் பொருள் தானாகப் புதிதாவதை நாம் பார்த்ததில்லை. வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதி அதற்கு இடம் கொடுக்காது.

சரி, பழுதுபார்த்தால்? 1940-இல் எலீஸ் ஒரு பல்சக்கரத்தை மாற்றினார் என்று வைத்துக்கொள்வோம். புதுச் சக்கரம் கடிகாரத்தோடு 1980 வரை போகிறது, 1912-க்குத் திரும்புகிறது, மீண்டும் 1940-க்கு வருகிறது. அப்போது அதற்கு 68 வயது. கடிகாரக்காரர் கழற்றி எறியும் தேய்ந்த சக்கரம் எது? அவர் இப்போது மாட்டுகிற அதே புதுச் சக்கரம்தான்! மேசையில் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் கிடக்கும். படத்தில் விரலை வைத்து நகர்த்திப் பாருங்கள், சரியாக வரும். அந்தச் சக்கரம் பட்டறையில் பிறந்து குப்பையில் முடிகிறது. அதில் மர்மம் ஒன்றுமில்லை. இப்படியே எல்லாப் பாகங்களையும் மாற்றிவிட்டால், பிறப்பில்லாமல் மிஞ்சுவது கடிகாரத்தின் வடிவமைப்பு மட்டுமே.

1992-இல் லோசேவ், நோவிகோவ் என்ற இரண்டு இயற்பியலாளர்கள் இத்தகைய பொருள்களை ஆராய்ந்து, அவற்றுக்கு ‘ஜின்’ என்றே பெயர் வைத்தார்கள். நம் ஊரில் இந்தச் சொல்லுக்கு விளக்கம் தேவையில்லை. பொருளே சுழன்றால் முதல் வகை ஜின். தகவல் மட்டும் சுழன்றால் இரண்டாம் வகை.

இதெல்லாம் வெறும் சினிமாக் கற்பனையா? முழுக்க அப்படிச் சொல்ல முடியாது. ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் சமன்பாடுகளுக்கு 1949-இல் கர்ட் கோடல் ஒரு தீர்வு கண்டார். அதில் பிரபஞ்சமே சுழல்கிறது. முன்னோக்கியே பயணம் செய்பவர் தம் கடந்த காலத்தை அடைந்துவிடலாம். நம் பிரபஞ்சம் அப்படிச் சுழல்வதாகத் தெரியவில்லை. 1988-இல் கிப் தார்னும் இரு சகாக்களும் புழுத்துளையைக் கால இயந்திரமாக்கும் வழியைத் தாளில் காட்டினார்கள். ஸ்டீபன் ஹாக்கிங்குக்கு இதில் நம்பிக்கை இல்லை. இயற்கை விதிகளே கால இயந்திரத்தைத் தடுத்துவிடும் என்று 1992-இல் கருதுகோள் ஒன்றை முன்வைத்தார். 2009-இல் காலப் பயணிகளுக்காக ஒரு விருந்தும் வைத்தார். அழைப்பிதழை விருந்து முடிந்த பிறகே வெளியிட்டார். ஒருவரும் வரவில்லை.

எனக்கு உறுத்துவது இரண்டாம் வகை ஜின்தான். நாளைய நீங்கள் இன்று வந்து, யாராலும் தீர்க்க முடியாத ஒரு கணக்கின் விடையைக் கொடுக்கிறீர்கள். நீங்கள் அதைப் படியெடுத்து வைத்துக்கொள்கிறீர்கள். நாளை அந்தப் படியை எடுத்துக்கொண்டு இன்றைக்கு வந்து கொடுக்கிறீர்கள். முரண்பாடு எங்கேயும் இல்லை. மனப்பாடம் செய்து வந்து சொன்னால் தாள் கசங்கும் சிக்கலும் இல்லை. ஆனால் அந்தக் கணக்கை யாரும் போடவே இல்லை! இயற்பியலாளர் டேவிட் டாய்ச் இதை ஏற்க மறுக்கிறார். அறிவு என்பது முயன்று, தவறி, திருத்தித்தான் உருவாகும். உழைப்பே இல்லாமல் விடை முளைப்பது, தன் தாத்தாவைக் கொல்லப் போகும் பேரன் கதையைவிட மோசமான சிக்கல் என்பது அவர் வாதம். நானும் அவர் பக்கம்தான். வீட்டுப்பாடம் செய்யாமல் வரும் மாணவர்கள் மன்னிக்கவும்.

தாளைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், ஒரு கேள்வி பாக்கி இருக்கிறது. ரிச்சர்டின் சட்டைப்பையில் 1979-இல் அச்சிட்ட ஒரு நாணயமும் 1912-க்குப் போய்விடுகிறது. அதைப் பார்த்த நொடியில்தான் அவர் 1980-க்கு இழுக்கப்படுகிறார். நாணயம் 1912-இலேயே விழுந்துவிட்டதாக வைத்துக்கொண்டு, அதன் கோட்டையும் அதே படத்தில் வரையுங்கள். அது ஜின்னா? 1979 கடைசியில் உலகில் அந்த நாணயம் எத்தனை இருக்கும்?