படத்தில் இருப்பது எந்த வண்டி?

பழைய லண்டன் தெருப்படத்தைக் காட்டினால் மாணவர்கள் 'சாரட்டு வண்டி' என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறார்கள். நானும் பல ஆண்டுகள் அதையே ஏற்றுக்கொண்டேன். பெயருக்கு முன் மூன்றைப் பார்க்கச் சொல்லுங்கள்: சக்கரம் எத்தனை, வண்டியோட்டி எங்கே, கூரை மடங்குமா?

இரண்டு சக்கரம், வண்டியோட்டி பயணிகளுக்குப் பின்னால் உயரத்தில் அமர்ந்து, கூரைக்கு மேலாகக் கடிவாளம் பிடித்திருந்தால் அது ஹான்சம். ஜோசப் ஹான்சம் 1834இல் காப்புரிமை பெற்ற வாடகை வண்டி. இருக்கை பின்னால் போனது பிந்தைய திருத்தம். நான்கு சக்கரம், மூடிய பெட்டி, வண்டியோட்டி முன்னால் என்றால் பெரும்பாலும் புரூம்.

தவறு நேர்வது லாண்டோவில்தான். எதிரெதிர் இருக்கைகள் கொண்ட இதன் கூரை, நடுவில் பிரிந்து முன்னும் பின்னுமாக மடங்கும். திறந்திருந்தால் எளிது. மூடியிருந்தால் புரூம் என்றே சொல்வார்கள். கூரையின் நடுவே இணைப்புக் கோடு தெரிகிறதா என்று தேடச் செய்யுங்கள். படம் தெளிவாக இல்லையா? 'மூடிய நான்கு சக்கர வண்டி' என்ற விடைக்கும் முழு மதிப்பெண் கொடுக்கலாம்.

நம் ஊர் ஜட்காவுக்கும் இரண்டு சக்கரம்தானே என்று யாராவது கேட்பார்கள். ஜட்காக்காரர் முன்னால் அல்லவா உட்காருகிறார்!