தீவுக்கு ஒரு சிலந்தி: பரிணாமப் பாடத்திற்கு ஓர் எடுத்துக்காட்டு

பத்தாம் வகுப்பில் பரிணாமம் நடத்தும்போது, கலாபகஸ் தீவுக் குருவிகளுடன் 'ஆர்சன்வெல்லஸ்' என்னும் சிலந்திப் பேரினத்தையும் நான் சேர்த்துக்கொள்கிறேன். குருவிகளின் அலகுப் படத்தை மனப்பாடம் செய்யும் மாணவர்கள், இங்கே எண்களைப் பார்த்துத் தாமே காரணம் தேடுகிறார்கள்.

பேரினம் அறிவோம்

இவை பசிபிக் பெருங்கடலின் ஹவாய்த் தீவுகளில் மட்டுமே வாழ்பவை. 1900இல் சீமோன் என்ற பிரெஞ்சு அறிஞர் இரண்டு இனங்களை வேறொரு பேரினத்தில் சேர்த்திருந்தார். 2002இல் குஸ்தாவோ ஓர்மிகா அவற்றைத் தனிப் பேரினமாகப் பிரித்து, 11 புதிய இனங்களையும் சேர்த்தார். திரைப்பட இயக்குநர் ஆர்சன் வெல்ஸின் பெயரையே பேரினத்துக்குச் சூட்டினார்.

சிறப்பியல்புகள்

* இவை லினிஃபிடே குடும்பத்தைச் சேர்ந்தவை. இக்குடும்பச் சிலந்திகள் பெரும்பாலும் சில மில்லிமீட்டர் நீளமே இருக்கும். இப்பேரினத்தின் பெரிய இனமோ சுமார் 14 மில்லிமீட்டர்.
* விரிப்பு போல வலை பின்னி, அதன் அடிப்பக்கத்தில் தலைகீழாகத் தொங்கும்.
* இனப்பெருக்க உறுப்புகளின் அமைப்பை நுண்ணோக்கியில் பார்த்தே இனங்களைப் பிரித்தறிகிறார்கள்.

வகுப்பறைச் செயல்பாடு

கரும்பலகையில் மேற்கிலிருந்து கிழக்காக இப்படி எழுதுங்கள்: காவாய் 6, ஓவாஹு 3, மொலோகாய் 2, மாவி 1, ஹவாய் 1. ஒவ்வோர் இனமும் ஒரே ஒரு தீவில்தான் உள்ளது.

"ஏன் எண்ணிக்கை குறைகிறது?" என்று கேளுங்கள். "பெரிய தீவில் அதிக இனம் இருக்கும்" என்ற விடைதான் பெரும்பாலும் முதலில் வரும். உடனே மறுக்காமல் பரப்பளவைக் கொடுங்கள். மிகப் பெரிய தீவான ஹவாயின் பரப்பு 10,000 சதுர கி.மீ.க்கு மேல், அங்கே ஒரே இனம். காவாய் ஏறத்தாழ 1,430 சதுர கி.மீ. மட்டுமே, அங்கே ஆறு.

பிறகு தீவுகளின் வயதைச் சொல்லுங்கள். எரிமலையால் உருவான இத்தீவுகளில் காவாய்க்குச் சுமார் 50 லட்சம் ஆண்டுகள். ஹவாய்த் தீவுக்கு 10 லட்சத்துக்கும் குறைவு. பழைய தீவில் இனங்கள் பிரியக் காலம் கிடைத்தது. அரிப்பால் உருவான ஆழ்ந்த பள்ளத்தாக்குகளும் கூட்டங்களைத் தனிமைப்படுத்தின. சிலந்திகள் பெரும்பாலும் பழைய தீவிலிருந்து புதிய தீவுக்குப் பரவியதாகவே டி.என்.ஏ. ஆய்வும் காட்டுகிறது.

மதிப்பீடு

"மாவித் தீவின் காடு அழிந்தால் என்ன ஆகும்?" என்ற வினாவுடன் நிறைவு செய்யலாம். ஓரிடத்தில் மட்டுமே வாழும் அகணிய உயிரி அங்கே அழிந்தால், உலகிலேயே அழிந்துவிடும். இதை மாணவர் தம் சொற்களில் எழுதினால், கற்றல் விளைவு எட்டப்பட்டதாகக் கொள்ளலாம்.