கத்திரிக்கு முன் மாடிக்கு வெள்ளை: காயல்பட்டினத்துக்காரர்கள் செய்ய வேண்டியவை, செய்யக்கூடாதவை

பங்குனியிலேயே காயல்பட்டினத்தில் இரவு பத்து மணிக்கு ஃபேன் அனலைத்தான் கீழே இறக்குகிறது. கடற்கரையில் காற்று வாங்கிவிட்டு வீட்டுக்குள் நுழைந்தால் முகத்தில் அடிக்கிறதே, அந்தச் சூடு பகலில் மாடியில் ஏறியது. வெயிலை நாள் முழுக்கக் குடித்த கான்கிரீட் தளம் ராத்திரியில் அதை அறைக்குள் விடுகிறது.

உச்சிவெயிலில் ஒரு சதுர மீட்டரில் ஏறக்குறைய 1,000 வாட் விழுகிறது. 1,000 சதுர அடி மாடி என்றால் சுமார் 90 கிலோவாட். பாசி படிந்து கறுத்த பழைய சிமென்ட் தளம் அதில் கால் பங்கைத் திருப்பி அனுப்பினாலே அதிகம். நல்ல வெள்ளைப் பூச்சு முக்கால் பங்கை வானத்துக்கே அனுப்பிவிடும். இரண்டுக்கும் இடையில் 45 கிலோவாட் வித்தியாசம். ஒன்றரை டன் ஏ.சி. இழுக்கும் மின்சாரமே ஒன்றரை கிலோவாட் அளவில்தான் இருக்கும். மாடி வாங்கும் சூடு முழுவதும் அறைக்குள் வராது, பெரும்பகுதி காற்றோடு போய்விடும். ஆனால் இறங்குகிற பங்கே வயதானவர்களின் தூக்கத்தையும் கைக்குழந்தையின் உடம்பையும் கெடுக்கப் போதும்.

2024 அக்டோபரில் தமிழக அரசு வெப்ப அலையை மாநிலப் பேரிடராக அறிவித்தது. தெலங்கானா 2023-லேயே கூல் ரூஃப் கொள்கை வெளியிட்டுவிட்டது. நீங்கள் எந்த அறிவிப்புக்கும் காத்திருக்க வேண்டாம். சித்திரை பிறந்த பிறகு தேடினால் பெயின்டர் கிடைக்கமாட்டார். இன்றைக்கே மாடிப்படி ஏறுங்கள்.

செய்ய வேண்டியவை

• முதலில் ஒரு சோதனை செய்யுங்கள். மாடியில் இரண்டடிக்கு இரண்டடி இடத்தைத் தேய்த்துக் கழுவி வெள்ளை அடியுங்கள். மறுநாள் மதியம் இரண்டு மணிக்குப் புறங்கையை அதன்மேல் வையுங்கள், பிறகு பக்கத்துத் தரையில் வையுங்கள். தரையில் கை மூன்று நொடிகூட நிற்காது. செலவு செய்யலாமா என்று வீட்டில் வாக்குவாதம் நடந்தால், உம்மாவையும் அழைத்துப் போய்த் தொட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். வாக்குவாதம் அங்கேயே முடிந்துவிடும்.

• பாசியை முழுதாக எடுங்கள். மழைக்காலத்தில் பச்சையாக வந்தது இப்போது காய்ந்து கருந்தோலாக ஒட்டியிருக்கும். அதன்மேல் அடித்த பெயின்ட் ஒரே வெயிலில் செதில் செதிலாக உரியும். பிளீச்சிங் பவுடர் கரைத்த தண்ணீரை ஊற்றி ஊறவிட்டு, கட்டைத் துடைப்பத்தால் தேய்த்து, இரண்டு முறை கழுவி, நன்றாகக் காயவிடுங்கள்.

• விரிசலை அடைத்துவிட்டுப் பூசுங்கள். 2023 டிசம்பர் 18 காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் இந்த ஊரில் 95 சென்டிமீட்டர் மழை கொட்டியது. அந்த மழை திறந்துவிட்ட விரிசல்கள் பல வீடுகளில் இன்னும் அப்படியே இருக்கின்றன. வெள்ளைப் பூச்சு சூட்டைத் தடுக்கும், ஒழுகலைத் தடுக்காது.

• கையில் காசு குறைவாக இருந்தால் சுண்ணாம்பு அடியுங்கள். கிளிஞ்சல் சுண்ணாம்பை நீற்றி, வடிகட்டி, கொஞ்சம் ஃபெவிகால் சேர்த்து இரண்டு கோட்டிங் கொடுத்தால் இந்தக் கோடைக்குத் தாங்கும். அடுத்த வருஷம் மறுபடியும் அடிக்க வேண்டியிருக்கும், அவ்வளவுதான். காய்ந்த பிறகு உள்ளங்கையால் தேய்த்துப் பாருங்கள். கை மாவாக வெளுத்தால் பூச்சு பிடிக்கவில்லை என்று அர்த்தம்.

• கூல் ரூஃப் பெயின்ட் வாங்கினால் எஸ்.ஆர்.ஐ. எண்ணைக் கேளுங்கள். கறுப்புக்கு 0, வெள்ளைக்கு 100 என்று வைத்து அளக்கும் எண் அது. வெயிலைத் திருப்புவது, ஏறிய சூட்டை வெளியே விடுவது என இரண்டு குணங்களையும் சேர்த்துச் சொல்லும். டப்பாவில் அந்த எண் இல்லை, கடைக்காரருக்கும் தெரியவில்லை என்றால் நீங்கள் வாங்கப்போவது வெறும் வெள்ளை பெயின்ட்.

• சோலார் பேனல் போடும் எண்ணம் இருந்தால் ஸ்டாண்டை முதலில் நிறுத்துங்கள். பூச்சு முடிந்த பிறகு டிரில் போட்டால் ஒவ்வொரு போல்ட் ஓட்டையும் ஒழுகும் இடமாகிவிடும்.

• வேலை நடக்கும்போது பக்கத்தில் நில்லுங்கள். வெளிநாட்டில் இருந்தபடி ஃபோனில் வேலை வாங்குகிறவர்கள் நம்மூரில் நிறைய. அவர்கள் வீட்டிலிருந்து ஒருவராவது மாடியில் இருக்க வேண்டும். “ஒரு கோட்டு போதும் காக்கா, பளிச்சுன்னு இருக்கு” என்று பெயின்டர் சொல்வார், வீடியோவிலும் பளிச்சென்றுதான் தெரியும். ஒரு கோட்டிங்கின் அடியில் சிமென்ட்டின் சாம்பல் நிறம் இருந்துகொண்டேதான் இருக்கும், வெயிலையும் உள்ளே இழுக்கும்.

• கண்ணாடி போட்டுக்கொள்ளுங்கள், பெயின்டருக்கும் ஒன்று கொடுங்கள். புது வெள்ளையில் பட்டு மேலே வரும் வெளிச்சம் கண்ணைக் கடுமையாகத் தாக்கும். ஆறுமுகநேரிப் பக்கம் உப்பளத்தில் நாளெல்லாம் உப்பு வாருகிறவர்கள் கண் எரிச்சலோடு வீடு திரும்புவதும் இதே வெளிச்சத்தால்தான். வேலையைக் காலை ஒன்பதுக்குள்ளும் மாலை நான்கு மணிக்குப் பிறகும் வைத்துக்கொள்ளுங்கள்.

• மாதம் ஒரு முறை மாடியைக் கூட்டிக் கழுவுங்கள். கடற்காற்றின் உப்புப் பிசுபிசுப்பில் தூசி வந்து ஒட்டும். அழுக்கேறிய வெள்ளை வெயிலைத் திருப்பும் வேலையைப் பாதியில் விட்டுவிடும்.

அடுத்த பட்டியலுக்குப் போகும் முன் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். உங்கள் மாடியில் நடப்பதுதான் பூமி முழுவதும் நடக்கிறது. விழும் வெயிலில் சுமார் 30 சதவீதத்தைப் பூமி திருப்பி அனுப்புகிறது. மேகம், பனி, மணல், வயல் எல்லாம் சேர்ந்து செய்யும் வேலை அது. கடற்பனி பாதிக்கு மேல் திருப்பும். பனி உருகித் திறந்த கடல்நீர் 6 சதவீதம் அளவுக்குத்தான் திருப்பும். அதனால் ஆர்க்டிக்கில் பனி குறையக் குறையக் கடல் கூடுதலாகச் சூடேறுகிறது, அந்தச் சூடு மேலும் பனியை உருக்குகிறது. எதிர்த் திசையிலும் சாட்சி உண்டு. ஸ்பெயினின் அல்மேரியாவில் காய்கறி வளர்க்கும் பசுமைக்குடில்கள் பல்லாயிரம் ஏக்கரில் வெள்ளையாக விரிந்து கிடக்கின்றன. கோடையில் செடி கருகாமல் இருக்க அவற்றின்மேல் சுண்ணாம்புக் கரைசல் பூசுகிறார்கள். சுற்றுப்புறமெல்லாம் சூடேறிய 1983 முதல் 2006 வரையான காலத்தில் அந்தப் பகுதி மட்டும் பத்தாண்டுக்கு 0.3 டிகிரி வீதம் குளிர்ந்தது. யாரும் ஊரைக் குளிர்விக்கத் திட்டம் போடவில்லை. கூரை கூரையாக வெள்ளை சேர்ந்ததில் நடந்தது அது.

செய்யக்கூடாதவை

• தேரி மண் நிறத்தில் வாட்டர்ப்ரூஃப் பெயின்ட் அடிக்காதீர்கள். ஒழுகல் நிற்கும், ஆனால் அந்தச் செங்கல் சிவப்பு வெயிலை அள்ளிக் குடிக்கும். அதே பொருள் வெள்ளையிலும் கிடைக்கிறது, கேட்டு வாங்குங்கள். தார் ஷீட் ஒட்டுவதானால் மேலே வெள்ளைப் பூச்சு இல்லாமல் விடவே விடாதீர்கள்.

• “அறை பத்து டிகிரி குறையும்” என்ற பேச்சை நம்பி அட்வான்ஸ் கொடுக்காதீர்கள். பத்து டிகிரிக்கு மேல் குறைவது மாடியின் மேல்பரப்பு. அறைக்குள் 2 முதல் 4 டிகிரி குறைந்தால் நல்ல வேலை. மேல்மாடியில் படுப்பவருக்கு அதுவே பெரிய நிம்மதி. கீழ்த்தளத்தில் இருப்பவருக்கு அவ்வளவாகத் தெரியாது என்பதையும் இப்போதே தெரிந்துகொள்ளுங்கள்.

• பளபளப்பை வெண்மை என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். புதுத் தகர ஷீட் கண்ணாடிபோல மின்னும், வெயிலைத் திருப்பவும் செய்யும். ஆனால் ஏறிய சூட்டை வெளியே விடாமல் பிடித்துவைக்கும். உப்புக்காற்றில் துருப்பிடித்துவிட்டால் அந்த மினுக்கமும் போய்விடும். தகரத்துக்கும் வெள்ளை அடியுங்கள்.

• ஆஸ்பெஸ்டாஸ் கூரையைக் கம்பி பிரஷ் போட்டுச் சுரண்டாதீர்கள். அதிலிருந்து பறக்கும் நார்த்துகள் நுரையீரலுக்குள் போனால் திரும்பி வராது, புற்றுநோய் வரை கொண்டுபோகும். தண்ணீர் விட்டு நனைத்து, மென்மையாகக் கழுவிவிட்டு அடியுங்கள். அதன்மேல் ஏறி நிற்கவும் யாரையும் விடாதீர்கள். ஷீட் உடைந்து விழுந்தவர்கள் உண்டு.

• பிளீச்சிங் பவுடரோடு ஆசிட் கலக்காதீர்கள். பாசி சீக்கிரம் போகட்டும் என்று இரண்டையும் சேர்த்து ஊற்றுகிறவர்கள் இருக்கிறார்கள். கிளம்புவது குளோரின் வாயு.

• சுண்ணாம்பு நீற்றும் இடத்தில் பிள்ளைகளை விடாதீர்கள். தண்ணீர் பட்டதும் அது கொதிக்கும், ஒரு துளி கண்ணில் தெறித்தால் பார்வைக்கே ஆபத்து. தெறித்துவிட்டால் கசக்காமல், கால் மணி நேரமாவது சுத்தமான தண்ணீரை ஊற்றிக்கொண்டே இருந்துவிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள்.

• மழைத்தண்ணீர் குழாயின் வாயை அடைக்காதீர்கள். உதிர்ந்த பாசியும் பெயின்ட் கட்டியும் குழாய்க்குள் போனால், ஐப்பசி மழையில் மாடி குளமாகும். கைப்பிடிச் சுவரின் உயரத்துக்குத் தண்ணீர் நின்றால் தளம் எவ்வளவு பாரம் தாங்கும் என்பதை 95 சென்டிமீட்டர் பார்த்த ஊருக்குச் சொல்ல வேண்டியதில்லை. பூச்சுக்குப் பிறகு வரும் முதல் மழைத்தண்ணீரைத் தொட்டிக்கோ கிணற்றுக்கோ விடவேண்டாம், வெளியே திருப்பிவிடுங்கள்.

• முடுக்குத் தரையை வெள்ளையாக்கச் சொல்லாதீர்கள். மாடிக்குச் சரியானது நடைபாதைக்குச் சரிவராது. மாடியிலிருந்து கிளம்பும் வெயில் வானத்துக்குப் போகும், முடுக்கில் அது நடந்துபோகும் பெண்கள்மீதும் பிள்ளைகள்மீதும் படும். லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் தெருக்களுக்கு வெளிர்நிறப் பூச்சு அடித்தபோது தார்த் தரை குளிர்ந்தது, ஆனால் மதியத்தில் அதன்மேல் நடந்தவர்கள் உடம்பில் வெப்பம் கூடுதலாகப் பட்டது. முடுக்குக்கு வேண்டியது நிழல். எதிர்வீட்டு ஜன்னலைப் பார்த்த சுவருக்கும் கண் கூசும் வெள்ளை வேண்டாம், இளமஞ்சளோ சந்தன நிறமோ போதும்.

• வேம்பையும் தென்னையையும் வெட்டாதீர்கள். இலை கருமையானது, வெயிலைத் திருப்புவதில் வெள்ளைக்கு ஈடாகாது என்பது உண்மை. ஆனால் மரம் வேரில் குடித்த தண்ணீரை இலை வழியே ஆவியாக்கிக் காற்றைக் குளிர்விக்கிறது. பெயின்ட்டுக்கு அந்த வேலை வராது. கொல்லைப்புற மண் முழுவதையும் சிமென்ட் போட்டு மூடி, பிறகு அதற்கு வெள்ளை அடிப்பதைப்போல வீண் செலவு வேறில்லை. மண்ணை மண்ணாக விடுங்கள், மழைத்தண்ணீரும் கீழே இறங்கட்டும்.

• வெள்ளை அடித்துவிட்டோம் என்று ஏ.சி.யை 18-ல் வைக்காதீர்கள். 100 சதுர மீட்டர் கறுத்த கூரை வெள்ளையானால், அது சுமார் 10 டன் கரியமில வாயு ஏற்படுத்தும் சூட்டை ஈடுகட்டும் என்று ஹாஷெம் அக்பரி, சுரபி மேனன், ஆர்தர் ரோசன்ஃபெல்ட் ஆகியோர் 2009-ல் கணக்கிட்டார்கள். பெரிய உதவிதான். ஆனால் அந்த வாயு காற்றில் அப்படியே இருக்கும், கூரை அதை அகற்றாது. 26-ல் வைத்து ஃபேனையும் ஓடவிடுங்கள். வெள்ளை மாடிக்குக் கீழே அதுவே போதும்.

• ஈரத் தளத்தில், மேகம் கட்டிய நாளில் வேலையைத் தொடங்காதீர்கள். இரண்டு நாள் நல்ல வெயில் காய்ந்த தளம் வேண்டும். பங்குனியில் அது நிச்சயம் கிடைக்கும். பெயின்டருக்கு இன்று மாலையே ஃபோன் போட்டுவிடுங்கள், அவர் வருவதற்குள் நீங்கள் பாசியைத் தேய்த்து முடித்திருக்கலாம்.