எடை போடக் குழந்தை இல்லாத வீடு

கிராம சுகாதார செவிலியராகப் புதிதாய்ப் பணியில் சேர்ந்திருக்கும் தங்கைகளுக்கு இதை எழுதுகிறேன். ஊசி போடவும் ரத்த அழுத்தம் பார்க்கவும் பச்சைப் பிள்ளையை எடை போடவும் பயிற்சியில் சொல்லிக் கொடுத்துவிட்டார்கள். பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டுக்குள் எப்படி நுழைவது, நுழைந்து என்ன செய்வது என்பதை எங்கள் காலத்தில் யாரும் சொல்லித் தரவில்லை. நாகப்பட்டினம் கடலோரத்திலும் பிறகு உட்பகுதிக் கிராமங்களிலும் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். அந்த வீடுகளின் திண்ணைகளில் உட்கார்ந்து தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன்.

1. முதலில் போ. குழந்தை இறந்த செய்தி வந்ததும் நம்மில் பலர் அந்த வீட்டை மனத்துக்குள்ளேயே பட்டியலிலிருந்து எடுத்துவிடுகிறோம். எடை போடப் பிள்ளை இல்லை, தடுப்பூசி அட்டை இல்லை, அங்கே போய் என்ன செய்வது என்ற தயக்கம். ஆனால் அவள் பிள்ளை பெற்ற உடம்புக்காரி. உதிரப்போக்கு, காய்ச்சல், நாற்றத்தோடு கசிவு, தையல் பிரிதல், ஒரு கால் மட்டும் வீங்கி வலித்தல், மண்டையைப் பிளக்கும் தலைவலியோடு ரத்த அழுத்தம் ஏறுதல் எல்லாம் அவளுக்கும் வரும். பிரசவமாகி 42 நாள் வரை அவள் நம் பொறுப்பு. குழந்தை இருக்கிற வீட்டில் பச்சை உடம்பு என்று பத்தியம் பார்த்துப் பொங்கிப் போடுவார்கள். குழந்தை இல்லாத வீட்டில், தாய் ஒரே வாரத்தில் தண்ணீர்க் குடம் தூக்குவதைப் பார்த்திருக்கிறேன். அவளுக்கும் அதே ஓய்வு, அதே சாப்பாடு, அதே இரும்புச்சத்து மாத்திரை வேண்டும் என்று வீட்டாரிடம் கண்டித்துச் சொல். அவளும் ஒரு தாய் என்பதை வெளியிலிருந்து வந்த ஒருத்தி ஒப்புக்கொண்டது அவள் காதில் விழட்டும்.

2. பால். இதைப் பற்றி யாரும் அவளை எச்சரித்திருக்க மாட்டார்கள். குழந்தை போனது உடம்புக்குத் தெரியாது. நஞ்சுக்கொடி விழுந்ததுமே பால் சுரப்பதற்கான வேலை தொடங்கிவிடும். மூன்றாம் நாள் வாக்கில் மார் கல்லாகக் கனத்துவிடும். அடக்கம் முடிந்து ஆட்கள் கலைந்த பிறகு, விடியற்காலையில் ரவிக்கை நனைந்து எழுந்து உட்கார்ந்து அழுத தாய்மாரை எனக்குத் தெரியும். அதனால் இரண்டாம் நாளே போய்ச் சொல்லிவிடு: பால் வரும், அது குற்றமும் இல்லை, சாபமும் இல்லை, சில நாளில் தானாக வற்றும். இறுக்கிக் கட்டாமல், தாங்கிப் பிடிக்கிற உள்ளாடை போடச் சொல். குளிர்ந்த நீரில் நனைத்த துணியை வைக்கலாம். முழுக்கப் பீய்ச்சி எடுத்தால் மேலும் சுரக்கும். வலி பொறுக்க முடியாதபோது வலி குறைகிற அளவுக்கு மட்டும் எடுக்கலாம். கடலோரத்தில் பால் ஊறச் சுறாப்புட்டு செய்து கொடுப்பார்கள். கொஞ்ச நாள் அதை நிறுத்திவிட்டு வேறு நல்ல சாப்பாடு போடச் சொல். மார்பில் மல்லிகைப்பூ வைத்துக் கட்டும் நம் பாட்டிமார் வழக்கத்தைக் கேலி செய்யாதே. அதைத் தாய்மாரிடம் பரிசோதித்து 1988-இல் மருத்துவ இதழில் கட்டுரையே வந்திருக்கிறது. பால் சுரப்பு குறைவதைக் கண்டார்கள். பால் வற்ற மாத்திரையும் உண்டு. ஆனால் ரத்த அழுத்தம் உள்ளவளுக்கு அது ஆகாமல் போகலாம், எனவே மருத்துவர் எழுதிக் கொடுத்தால் மட்டுமே. மார் சிவந்து சூடாகிக் குளிர் காய்ச்சல் வந்தால் அன்றே மருத்துவமனைக்கு அனுப்பு.

சிலருக்கு அந்தப் பாலை வீணாக்க மனம் வராது. எழும்பூர் குழந்தைகள் நல மருத்துவமனை போன்ற அரசு மருத்துவமனைகளில் தாய்ப்பால் வங்கி இருக்கிறது. குறைமாதப் பிள்ளைக்குக் கொடுத்ததில் மனம் ஆறியவர்களும் உண்டு. அவளாகக் கேட்டால் வழி சொல், நீயாக வற்புறுத்தாதே.

3. குழந்தையைப் பார்க்க வேண்டுமா என்று அவளிடமே கேள். சிசேரியன் மயக்கம் தெளிவதற்குள் அடக்கம் முடிந்துவிடுகிறது. பார்த்தால் தாங்கமாட்டாள் என்று நல்ல எண்ணத்தில்தான் செய்கிறார்கள். பார்க்காமல் போனவர்கள் வருடக்கணக்கில் கற்பனையில் தேடுகிறார்கள்: முடி இருந்ததா, யாருடைய மூக்கு, விரல்கள் எப்படி இருந்தன? பிரசவ அறையில் நீ இருந்தால், குழந்தையைத் துடைத்து, நல்ல துணியில் சுற்றி, முகம் தெரிய வைத்துக்கொண்டு கேள். வேண்டாம் என்றால் விட்டுவிடு. கொஞ்ச நேரம் கழித்து இன்னொரு முறை மட்டும் கேள். ஒரு புகைப்படம் எடுத்துக் கணவரிடமோ அவள் அம்மாவிடமோ கொடுத்து வைக்கச் சொல். எல்லாம் முடிந்த பிறகுதான் நீ போகிறாய் என்றால், அடக்கம் செய்தவர் யாரோ அவரை அவளுக்கு எதிரில் உட்கார வை. எந்த இடம், எந்த மரத்தடி, என்ன துணி போர்த்தினார்கள், முகம் எப்படி இருந்தது என்று அவர் சொல்லட்டும். அவள் அழுவாள். அழட்டும்.

4. பெயரைக் கேள். பெயர் வைக்கவில்லை என்றால் என்ன பெயர் நினைத்திருந்தார்கள் என்று கேள். வயிற்றில் இருக்கும்போது எப்படிக் கூப்பிட்டார்கள் என்று கேள்.

5. துக்கம் விசாரிக்க வருகிறவர்கள் சொல்வதை நீ சொல்லாதே. "அடுத்த வருஷமே பெத்துக்கலாம்", "பேரு வைக்கிறதுக்கு முன்னாடியே போனது ஒரு வகையில நல்லது", "அதான் மூத்தது இருக்கே", "கடவுளுக்குப் பிடிச்ச பிள்ளை". ஒவ்வொன்றும் அந்தக் குழந்தையைச் சின்னதாக்கிவிடுகிறது. சொல்ல ஒன்றும் தோன்றவில்லை என்றால் பக்கத்தில் உட்கார். நம் ஊர்ப் பெண்கள் ஒருத்தி தோளை ஒருத்தி கட்டிக்கொண்டு ஒப்பாரி வைப்பார்களே, யாராவது அங்கே ஆறுதல் வார்த்தை தேடுகிறார்களா? சேர்ந்து அழுகிறார்கள். கண் கலங்கினால் மறைக்காதே. சீருடை போட்டிருக்கிறோம் என்பதற்காகக் கல்லாக நிற்க வேண்டியதில்லை.

6. பழி. தாய் தன்மேல் போட்டுக்கொள்கிற பழிக்கு அளவில்லை. கிரகணத்தன்று வெளியே வந்தேன், பப்பாளி தின்றேன், ஸ்கூட்டரில் போனேன், மல்லாந்து படுத்தேன். இன்னொரு பக்கம் மாமியார் வீட்டுப் பார்வை. மருத்துவக் குறிப்பை வாங்கிப் படி. குறைமாதம், மூச்சுத் திணறல், கிருமித்தொற்று, பிறவி இதயக் கோளாறு என்று எது எழுதியிருக்கிறதோ அதை அவளுக்குப் புரியும் தமிழில், குடும்பம் முழுக்க இருக்கும்போது சொல். "உன்னால் இல்லை" என்பதை ஒருமுறை சொன்னால் போதாது, போகும்போதெல்லாம் சொல். காரணம் தெரியவில்லை என்றால் தெரியவில்லை என்றே சொல். மருத்துவமனையின் கவனக்குறைவு என்று அவர்கள் சந்தேகப்பட்டால் நம் துறையைக் காப்பாற்றுவதற்காக மழுப்பாதே. எங்கே கேட்க வேண்டும், யாருக்கு எழுத வேண்டும் என்று காட்டு. உண்மை தெரியாத துக்கம் உள்ளேயே புரையோடும்.

குழந்தை இறப்புத் தணிக்கைப் படிவத்தோடு நீயே போக வேண்டியிருக்கும். எப்போது காய்ச்சல் கண்டது, எத்தனை மணிக்குக் கிளம்பினீர்கள் என்ற கேள்விகள் விசாரணை போலத்தான் அவள் காதில் விழும். முதல் முறை போகும்போது படிவத்தைப் பைக்குள்ளேயே வை. எடுக்கும் நாளில், இன்னொரு பிள்ளையைக் காப்பாற்றத்தான் இதைக் கேட்கிறோம் என்று சொல்லிவிட்டு எடு.

2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு அக்கரைப்பேட்டை, கீச்சாங்குப்பம் பக்கம் பழியின் இன்னொரு முகத்தைப் பார்த்தோம். "இந்தக் கையிலதான் புடிச்சிருந்தேன், நழுவிப்போச்சு." அந்த அலையில் எந்தக் கையும் நின்றிருக்காது என்று சொல்லலாம், சொன்னோம். கேட்டுக்கொண்டே இருந்ததுதான் அதைவிட உதவியது. அதே கதையை ஒருத்தி எத்தனை தடவை சொன்னாலும் அப்போதுதான் கேட்பதுபோலக் கேள்.

7. அப்பாவை யாரும் விசாரிப்பதில்லை. மருத்துவமனைக் காகிதங்களில் கையெழுத்துப் போட்டவர் அவர். நம் பக்கத்து இந்துக் குடும்பங்களில் சிறு பிள்ளைகளை எரிக்காமல் புதைப்பதுதான் பெரும்பாலும் வழக்கம். பல ஊர்களில் தாயை வீட்டிலேயே நிறுத்திவிட்டு, கையிலேயே ஏந்திக்கொண்டு போகிறவரும் அவர்தான். திரும்பி வந்ததும் "பொண்டாட்டிய பாத்துக்கப்பா" என்று எல்லாரும் அவரிடம்தான் சொல்கிறார்கள். மூன்றாம் நாள் வேலைக்குப் போய்விட்டார், கல் நெஞ்சு என்று மனைவி எண்ணுகிறாள். அவர் குடிக்கத் தொடங்கியிருந்தால் அதையும் துக்கத்தின் கணக்கில் சேர்த்துப் பார், ஆனால் பேசாமல் விடாதே. அவரைத் தனியாக வாசலுக்குக் கூப்பிட்டு, "நீங்க எப்படி இருக்கீங்க தம்பி?" என்று கேள். ஒருவர் அழுதும் ஒருவர் ஓடியாடி வேலை செய்தும் ஒரே பிள்ளைக்காகத்தான் தவிக்கிறார்கள் என்பதை இருவருக்கும் எடுத்துச் சொல்ல வேண்டியது நம் வேலை.

8. வீட்டில் இன்னொரு குழந்தை இருந்தால், "தம்பி தூங்குறான்", "சாமிகிட்ட போயிட்டான்" என்று சொல்ல வேண்டாம் என்று கேட்டுக்கொள். தூங்கப் பயப்படும், சாமியறைக்கே பயப்படும். இறந்துவிட்டான், திரும்பி வரமாட்டான், அது உன்னால் இல்லை. இந்த மூன்றையும் எளிய சொற்களில் சொல்லிவிட வேண்டும். கடைசியது மிக முக்கியம். தம்பி வேண்டாம் என்று ஒருநாள் அந்தப் பிள்ளை சொல்லியிருக்கும்.

9. அந்தத் தெருவிலுள்ள பாட்டிகளைத் துணைக்குக் கூப்பிடு. ஐம்பது ஆண்டுகளுக்கு முன் தமிழ்நாட்டில் பிறந்த 1000 குழந்தைகளில் நூற்றுக்கும் மேல் ஒரு வயதுக்குள் இறந்தன. 2020 கணக்கில் அது 13. நமக்கு முன்னால் இந்த வேலையைப் பார்த்தவர்களின் உழைப்பும் அதில் இருக்கிறது, பெருமைதான். ஆனால் அன்று பிள்ளையை இழந்தவளுக்கு அதே தெருவில் அதே துயரம் தெரிந்த நாலு பேர் இருந்தார்கள். இன்று இழப்பவள் தனியாள். கண்ணெதிரே எல்லா வீட்டிலும் பிள்ளைகள் வளர்கின்றன. எழுபது வயதுப் பாட்டியிடம் "உங்களுக்கு எத்தனை பிள்ளை?" என்று கேட்டுப் பார். தங்கியது நாலு, தங்காதது ரெண்டு என்று இரண்டு கணக்கும் சொல்வாள். தங்காத பிள்ளையின் நிறம்கூட அவளுக்கு நினைவிருக்கும். அப்படி ஒருத்தியை அழைத்துக்கொண்டு போய் இளந்தாயின் பக்கத்தில் உட்கார வைத்துவிட்டு, நீ அடுப்படிப் பக்கம் போய்விடு.

10. நினைவுப் பொருட்களை அழிக்கச் சொல்கிறவர்களைத் தடு. தொட்டில், சட்டை, கிலுகிலுப்பை எல்லாவற்றையும் அவள் கண்ணில் படாமல் எடுத்துவிடுங்கள் என்று ஒரு பெரியவராவது சொல்வார். எப்போது எடுப்பது என்று அவள்தான் முடிவு செய்ய வேண்டும். மறப்பதுதான் ஆறுதல் என்று நம் முன்னோர் எண்ணவில்லை. தெற்கத்தி வீடுகளில் கன்னியாகவே இறந்துபோன பெண்பிள்ளைக்கு ஒரு பெட்டி வைத்து, ஆண்டுதோறும் புதுப் பாவாடை சட்டையும் வளையலும் வாங்கி வைத்துக் கும்பிடுகிறார்கள். அவளைப் பார்த்தே இராத தலைமுறையும் அவளை வீட்டுப் பிள்ளையாக அறிகிறது. கிறிஸ்தவர்கள் நவம்பர் 2 கல்லறைத் திருநாளில் பூவும் மெழுகுவத்தியும் கொண்டுபோகிறார்கள். நாகைக் கரையில் டிசம்பர் 26 அன்று இன்றும் கடலில் பாலும் பூவும் விடுகிறார்கள். இவள் தன் பிள்ளையின் பிறந்தநாளுக்கு ஒரு செடி நட்டாலும், அங்கன்வாடிப் பிள்ளைகளுக்குச் சுண்டல் கொடுத்தாலும் கூட நில். அந்தத் தேதியை உன் நாட்குறிப்பில் எழுதி வை. ஓராண்டு கழிந்து அந்த நாளில் ஒரு போன் செய்தால், வேறு யாரும் செய்யாததை நீ செய்ததாகச் சொல்வாள்.

11. துக்கத்துக்கு ஐந்து படிநிலை என்று வகுப்பில் படித்திருப்பாய். எலிசபெத் கூப்ளர்-ராஸ் 1969-இல் எழுதியது, சாவை எதிர்கொண்டிருந்த நோயாளிகளிடம் பேசிய பின் எழுதியது. அதை வைத்துக்கொண்டு "இன்னும் கோபத்திலேயே இருக்கிறாள்" என்று ஒரு தாய்க்கு மதிப்பெண் போடாதே. ஒருநாள் சிரிப்பாள், மறுநாள் தெருவில் ஒரு பிள்ளைச் சத்தம் கேட்டு உடைந்துபோவாள். இரண்டும் சரி.

சரியில்லாததையும் தெரிந்து வைத்துக்கொள். வாரக்கணக்கில் சாப்பாடும் தூக்கமும் இல்லை, குளிக்கவும் எழவில்லை, ஓராண்டு கடந்தும் முதல் நாள் போலவே முடங்கிக் கிடக்கிறாள் என்றால் மனநல மருத்துவரிடம் அழைத்துப் போ. "நானும் அங்கேயே போயிடுறேன்" என்றால் சும்மா சொல்கிறாள் என்று விடாதே. சாக நினைக்கிறாயா என்று நேராகக் கேள். கேட்பதால் அந்த எண்ணம் வந்துவிடாது. அன்று அவளைத் தனியே விடக் கூடாது, பூச்சிமருந்து வீட்டில் இருக்கக் கூடாது. 14416, 104 இரண்டு உதவி எண்களையும் வீட்டில் எழுதி ஒட்டிவிட்டு வா.

12. பதிவேட்டைத் திருத்து. சின்ன வேலைதான், ஆனால் இறந்த பிள்ளைக்குத் தடுப்பூசி போட வரச்சொல்லிப் போனில் செய்தி வந்தால் அந்தக் குடும்பம் என்ன பாடுபடும்! பிக்மி பதிவுத் தளத்தில் விவரத்தை உடனே மாற்று. மாற்றியபின் ஆரம்ப சுகாதார நிலையத்திலும் அங்கன்வாடியிலும் வாயால் ஒருமுறை சொல்லிவிடு. சில நிமிடமே உயிரோடு இருந்தாலும் பிறப்பு, இறப்பு இரண்டையும் 21 நாளுக்குள் பதிய வேண்டும். இறந்தே பிறந்தாலும் பதிவு உண்டு. அந்தக் காகிதத்தைச் சாமி படத்துக்குப் பின்னால் பத்திரப்படுத்துகிறவர்கள் இருக்கிறார்கள். வேலைக்குப் போகிற பெண் என்றால் விடுப்பு உரிமையைச் சொல்: கருச்சிதைவுக்குச் சட்டப்படி ஆறு வாரம்; மத்திய அரசு ஊழியருக்கு, குழந்தை இறந்தே பிறந்தாலோ பிறந்தவுடன் இறந்தாலோ 60 நாள் என்று 2022-இல் ஆணை வந்தது.

13. அடுத்த கர்ப்பம். எப்போது என்பதை அவளும் கணவரும் மருத்துவரும் பேசி முடிவு செய்யட்டும். ஊர் முடிவு செய்ய வேண்டாம். சுனாமிக்குப் பின் பிள்ளைகளை இழந்து, குடும்பக் கட்டுப்பாடு செய்திருந்த தாய்மாருக்கு மீண்டும் கருக்குழாய் இணைக்கும் அறுவைச் சிகிச்சையை அரசே இலவசமாகச் செய்து கொடுத்தது. அப்படிப் பிறந்த பிள்ளைகளைக் கொஞ்சிக்கொண்டே பழைய பெயரைச் சொல்லி அழுத தாய்மாரைப் பார்த்தேன். ஒரு பிள்ளைக்கு இன்னொரு பிள்ளை ஈடாகாது, ஆகவும் வேண்டாம். போன பிள்ளையின் பெயரையே புதுப்பிள்ளைக்கு வைக்க வேண்டுமா என்று நிதானமாக யோசிக்கச் சொல்.

மறுபடி கருவுற்று உன்னிடம் வரும்போது, பழைய இழப்பை அட்டையின் மேலேயே தெளிவாக எழுது, கூட்டத்துக்கு நடுவில் "முதல் குழந்தையா?" என்று யாரும் உரக்கக் கேட்க வேண்டியிருக்காது. போனமுறை இழந்த அதே மாதம் நெருங்க நெருங்க அவளுக்குப் பயம் கூடும். தேதி இல்லாத நாளில் வந்து நின்றாலும் முகம் சுளிக்காமல் படுக்க வைத்துப் பிள்ளையின் நெஞ்சுத்துடிப்பைக் கேட்க வை. துடிப்பு கேட்டுவிட்டதே என்று அசட்டையாக இருந்துவிடவும் கூடாது: பிள்ளையின் அசைவு குறைந்தது போலத் தோன்றினால் விடியட்டும் என்று காத்திராமல், நடுராத்திரியானாலும் 108-க்கும் உனக்கும் போன் செய்யச் சொல்லி உன் எண்ணை எழுதிக் கொடு.