கோர்ட் ஏலத்தில் போன நிலத்தை மீட்க 60 நாள் கெடு

பிராமிசரி நோட்டுக் கடனுக்கு டிக்கிரி ஆகி, நிலம் ஜப்தியாகி, ஏலமும் முடிந்துவிட்டால் "இனி ஒன்றும் செய்வதற்கில்லை" என்று பல விவசாயிகள் ஓய்ந்துவிடுகின்றனர். இது சரியல்ல. ஏலத்தைக் கோர்ட் உறுதி செய்தால்தான் விற்பனை முற்றுப்பெறும். அதற்கு முன் ஏலத்தை ரத்து செய்யும்படி கேட்க 1908ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 21ஆவது ஆணை வழி செய்திருக்கிறது.

ஏலத்துக்கு முன்

ஏல அறிவிப்பைத் தயாரிக்குமுன் கடனாளிக்குக் கோர்ட் நோட்டீஸ் அனுப்பும். இதை வாங்காமல் திருப்பி அனுப்புவது பெரும் தவறு. நிலத்தின் மதிப்பு, கிணறு, பம்புசெட், மரங்கள் ஆகியவற்றை அப்போதே கோர்ட்டுக்குத் தெரிவிக்க வேண்டும். ஏல அறிவிப்பு தயாராகும் நாளுக்குள் எழுப்பியிருக்கக்கூடிய ஆட்சேபத்தை, ஏலம் முடிந்த பிறகு எழுப்பினால் கோர்ட் ஏற்காது.

கடனுக்குப் போதுமான அளவு நிலத்தை மட்டுமே விற்க வேண்டும் என்பது விதி 64. சுமார் 2,400 ரூபாய் பாக்கிக்காக 10 ஏக்கர் நிலம் முழுவதும் 17,000 ரூபாய்க்கு ஏலம் போன ஒரு வழக்கில், 1989இல் உச்ச நீதிமன்றம் ஏலத்தை ரத்து செய்தது. ஆகவே, இரண்டு சர்வே எண்களில் நிலம் இருந்தால் ஒன்றை மட்டும் விற்கும்படி கேட்கலாம். நிலத்தின் ஒரு பகுதியைத் தாமே விற்றோ, அடமானம் வைத்தோ கடனைத் தீர்க்க அவகாசம் கேட்கவும் விதி 83 இடம் தருகிறது. ஏலம் முடிவாகும் கணம் வரை கடனையும் செலவையும் கட்டினால் ஏலம் நின்றுவிடும்.

உழவு மாடு, விதைத் தானியம், உழவுக் கருவிகள் ஆகியவற்றில் பிழைப்புக்குத் தேவையானவற்றையும், விவசாயி குடியிருக்கும் சொந்த வீட்டையும் சாதாரணக் கடன் டிக்கிரிக்காக ஜப்தி செய்யக்கூடாது (பிரிவு 60).

பணம் கட்டி மீட்பது

இதுவே எளிய வழி (விதி 89). ஏலத்தொகையில் 100க்கு 5 வீதம் ஏலதாரருக்காகவும், ஏல அறிவிப்பில் குறித்த கடன் தொகையை டிக்கிரிதாரருக்காகவும் கோர்ட்டில் கட்ட வேண்டும்.

உதாரணமாக, அறிவிப்பில் கண்ட கடன் ரூ.80,000, நிலம் ஏலம் போனது ரூ.3,00,000 என்று வைத்துக்கொள்வோம். கட்ட வேண்டியது:

கடன் - ரூ.80,000
ஏலத்தொகையில் 5 சதம் - ரூ.15,000
மொத்தம் - ரூ.95,000

அறிவிப்புக்குப் பிறகு டிக்கிரிதாரருக்கு ஏதேனும் செலுத்தியிருந்தால் அதைக் கழித்துக்கொள்ளலாம். ஏலத்தில் குறை எதையும் நிரூபிக்கத் தேவையில்லை. ஆனால் முழுத் தொகையையும் கட்ட வேண்டும், தவணை கிடையாது. நிலத்தில் உரிமையுள்ள பங்காளிகளும் இவ்வாறு கட்டலாம்.

முறைகேட்டைக் காட்டி ரத்து செய்வது

தண்டோரா போடாமலும், நிலத்திலும் கோர்ட்டிலும் அறிவிப்பை ஒட்டாமலும் ஏலம் நடந்திருக்கலாம். கோர்ட்டில் அறிவிப்பு ஒட்டி 15 நாள் ஆகுமுன்பே ஏலம் விட்டிருக்கலாம். மோசடியும் நடந்திருக்கலாம். இவற்றைக் காட்டி விதி 90இன்படி மனுச் செய்யலாம். முறைகேடு நடந்தது என்று மட்டும் சொன்னால் போதாது. அதனால் கணிசமான நஷ்டம் ஏற்பட்டதையும் நிரூபிக்க வேண்டும். விலை குறைவு என்பது மட்டுமே போதுமான காரணமாகாது.

விதி 90இல் மனுச் செய்தவர், அதை வாபஸ் வாங்கினால்தான் விதி 89இன்படி பணம் கட்டி மீட்க முடியும். கையில் பணம் புரளுமானால் முதல் வழியே மேல்.

ஏலதாரர் தவறினால்

ஏலதாரர் 25 சதத்தை உடனேயும், மீதியை 15 நாளுக்குள்ளும் கட்ட வேண்டும். தவறினால் அந்த ஏலம் செல்லாது. நிலத்தை மறுபடி ஏலம் விட வேண்டும். இதைக் கோர்ட்டில் விசாரித்து அறிவது நல்லது.

கெடு தவறக்கூடாது

மனுவும் பணமும் ஏலம் நடந்த நாளிலிருந்து 60 நாளுக்குள் கோர்ட்டுக்கு வந்துவிட வேண்டும். ஜூன் 10ஆம் தேதி ஏலமானால் ஆகஸ்ட் 9ஆம் தேதி கடைசி நாள். தாமதத்தை மன்னிக்கும்படி கேட்க இதில் வழியில்லை. குறுவை அறுத்துக் கட்டலாம் என்று இருந்தால் கெடு முடிந்துவிடும். நெல் வந்தும் நிலம் இராது. கோர்ட்டுக்கு வெளியே டிக்கிரிதாரரிடம் வாய்ப்பேச்சில் பணம் கொடுத்துவிட்டு இருந்துவிடவும் கூடாது. கோர்ட்டில் பதிவாகாத பட்டுவாடாவைக் கோர்ட் கணக்கில் கொள்ளாது.

வக்கீல் வைக்க வசதியில்லாதவர்கள் தாலுகா சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி இனத்தவருக்கும் வருமான வரம்பின்றி இலவச உதவி உண்டு. கூட்டுறவுச் சங்கக் கடன், வரிப் பாக்கி ஏலங்களுக்குத் தனி விதிகளும் தனிக் கெடுக்களும் இருப்பதால், நோட்டீஸ் வந்தவுடனேயே அது எந்தச் சட்டத்தின்படி வந்தது என்று கேட்டறிவது அவசியம்.