இழப்பும் ஈடும்

மோட்டார் வண்டியால் உலகம் பெற்ற நன்மை பெரிது. முன்னோர் பல நாள் நடந்து சென்ற தொலைவை நாம் ஒரு பகலிற் கடந்துவிடுகின்றோம். எனினும், நன்மை தரும் பொருளே சில வேளைகளில் தீமையும் விளைக்கின்றது. சாலை விபத்து ஒரு நொடியில் நிகழ்ந்து முடிகிறது. அதனால் உறுப்பிழந்தவரின் துன்பமோ வாழ்நாள் முழுதும் நீள்கிறது. அவ்விழப்பிற்கு ஈடு உண்டா? உண்டெனின், அதனை அளப்பது எவ்வாறு? நம் நாட்டுச் சட்டம் இவ்வினாக்களுக்குக் கூறும் விடையை இப்பாடத்திற் காண்போம்.

தீங்கு செய்தவர் ஈடு தரவேண்டும் என்பது பழைய அறம். ஆனால், வண்டி ஓட்டுபவரும் ஏழையாயின் அவர் தருவது யாது? இக்குறையை நீக்கவே, 1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் காப்பீட்டைக் கட்டாயமாக்கிற்று. அப்பகுதி 1946இல் நடைமுறைக்கு வந்தது. வழக்குகள் விரைவில் முடிவதற்கெனத் தனித் தீர்ப்பாயங்கள் அமைக்க 1956ஆம் ஆண்டுத் திருத்தம் வழிசெய்தது. இன்று 1988ஆம் ஆண்டுச் சட்டமே நடைமுறையில் உள்ளது. விபத்து எங்கே நிகழ்ந்திருப்பினும், காயமுற்றவர் தாம் வாழும் ஊர்க்குரிய தீர்ப்பாயத்திலேயே விண்ணப்பிக்கலாம்.

தீர்ப்பாயம் இழப்பை இருவகையாகப் பகுத்துக் காண்கிறது. மருத்துவச் செலவு, படுக்கையில் இருந்த நாட்களில் இழந்த கூலி, இனி ஈட்ட முடியாத வருவாய், பிற்கால மருத்துவத்திற்கு வேண்டும் தொகை ஆகியன பொருளிழப்பு எனப்படும். உடல் நோவு, மனத்துயர், வாழ்வின் இன்பங்களைத் துய்க்க இயலாமை ஆகியன மற்றொரு வகை. இவற்றைக் காசால் அளத்தல் அரிது. ஆயினும், அரிது என்பதனால் சட்டம் இவற்றைக் கைவிட்டுவிடவில்லை.

இவற்றுள் நுட்பமாக ஆராய வேண்டுவது, ஊனத்தால் விளையும் வருவாய் இழப்பேயாகும். தென்னை ஏறிப் பிழைக்கும் ஒருவரும், அலுவலகத்தில் அமர்ந்து கணக்கெழுதும் ஒருவரும் விபத்தில் ஒவ்வொரு காலை இழந்தனர் என்க. மருத்துவர் இருவர்க்கும் ஒரே ஊன விழுக்காட்டையே குறித்துக் கொடுப்பார். ஆனால், கணக்கர் மீண்டும் தம் பணிக்குச் செல்லக்கூடும். மரம் ஏறுபவரோ தம் தொழிலையே இழந்து நிற்பார். உடலின் குறை ஒன்றே. வாழ்வின் குறை ஒன்றன்று. ஆகவே, மருத்துவர் கூறும் விழுக்காட்டை அப்படியே வருவாய் இழப்பின் விழுக்காடாகக் கொள்ளுதல் தவறு என்று உச்ச நீதிமன்றம் 2010இல் தெளிவுபடுத்தியது. காயமுற்றவர் இப்பொழுது எவற்றைச் செய்ய வல்லவர், முன்பு செய்த தொழில் யாது, அதனையோ வேறொன்றையோ செய்து பிழைக்க இயலுமா என்னும் மூன்றனையும் ஆராய்ந்தே முடிவு காணவேண்டும்.

கணக்கிடும் முறையை ஓர் எடுத்துக்காட்டால் அறியலாம். இருபத்தெட்டு வயதுடைய ஒருவர் திங்கள்தோறும் 10,000 ரூபாய் ஈட்டி வந்தார் எனக் கொள்வோம். அவரது ஆண்டு வருவாய் 1,20,000 ரூபாய். உச்ச நீதிமன்றம் 2009இல் வகுத்த அட்டவணைப்படி அவ்வயதிற்குரிய பெருக்கெண் 17. வருவாய் ஈட்டும் ஆற்றல் முற்றும் அழிந்ததெனின் இழப்பு 20,40,000 ரூபாய். காற்பங்கு குறைந்ததெனின் 5,10,000 ரூபாய். வருங்காலத்திற் கிடைத்திருக்கக்கூடிய வருவாய் உயர்வும் இதனோடு சேர்த்தெண்ணப்படுவதுண்டு. பல ஆண்டுகளில் வரவேண்டிய பொருள் ஒருங்கே கிடைப்பதனாலும், வாழ்வு நிலையற்றது ஆதலாலும், பெருக்கெண் எஞ்சிய உழைப்பாண்டுகளினும் குறைவாகவே இருக்கும்.

கூலி பெறாதவர் உழைப்பிற்கு மதிப்பில்லை என்று எண்ணுதல் கூடாது. விடியுமுன் எழுந்து, சமைத்து, குழந்தைகளைப் பேணி, முதியோர்க்குத் தொண்டு செய்யும் இல்லத்தரசியின் உழைப்புக்கும் பண மதிப்பு உண்டு என்பதை உச்ச நீதிமன்றம் தன் தீர்ப்புகளில் வற்புறுத்தியுள்ளது.

மோதிய வண்டி இன்னதென்று அறியாதபோதும் வழி முற்றும் அடைபடுவதில்லை. 2022 ஏப்ரல் முதல் நடைமுறையிலுள்ள திட்டத்தின்படி, அத்தகைய விபத்தில் உயிரிழந்தவர் குடும்பத்திற்கு 2,00,000 ரூபாயும், கொடுங்காயமுற்றவர்க்கு 50,000 ரூபாயும் வழங்கப்படும்.

உரிமை இருந்தும் சான்று இல்லாமையால் அதனை இழப்போர் உளர். காவல் நிலையத்திற் பதிவு செய்தலும், மருத்துவச் சீட்டுகளையும் வருவாய்ச் சான்றுகளையும் பேணி வைத்தலும் இன்றியமையாதன. விபத்தைக் கண்டோர்க்கும் கடமை உண்டு. வழக்கில் சிக்கிக்கொள்வோமோ என்று அஞ்சி விலகிச் செல்லுதல் தகாது. நல்லெண்ணத்துடன் உதவுவோர்க்கு 2019ஆம் ஆண்டுத் திருத்தம் பாதுகாப்பு அளித்துள்ளது.

எத்துணைப் பொருள் கொடுப்பினும் இழந்த கால் மீண்டும் முளைப்பதில்லை. ஆயினும், வீழ்ந்தவர் பிறர் கையை எதிர்நோக்கி வாழாமல், தம் வீட்டில் மானத்தோடு உண்டு வாழ அப்பொருள் துணைசெய்யும். இழப்பீடு இரக்கத்தால் இடும் பிச்சையன்று. அஃது அவர்க்குரிய நீதியாகும். அந்நீதியை வேண்டி நிற்கும் நிலை எவர்க்கும் நேராதவாறு சாலை விதிகளைப் போற்றி நடத்தல் நம் அனைவர்க்கும் கடனாகும்.