ஐந்தாம் சீலமும் மூளையும்

பஞ்சசீலத்துள் ஐந்தாவது சுரா, மேரயம் ஆகிய மதுக்களை விலக்குகின்றது. மாவிலிருந்து ஆவது சுரா. பூ, பழம் முதலியன புளித்து ஆவது மேரயம். அங்குக் கூறப்படும் காரணம் பமாதம், அதாவது கருத்தழிந்த நிலை. தீட்டு என்ற பேச்சே அதில் இல்லை என்பதை அன்பர்கள் நோக்குக. அந்நிலை மூளையில் எங்ஙனம் உண்டாகின்றதென மருத்துவ நூல் விளக்குகின்றது.

நம் மைசூரில் காப்பியில்லாத வீடு அரிது. விழித்திருக்கும் நேரமெல்லாம் மூளையில் அடினோசின் என்னும் பொருள் சேர்ந்து உறக்கத்தை வருவிக்கும். காப்பியிலுள்ள கஃபீன் அதன் இருப்பிடத்தில் முந்தி அமர்ந்துகொள்கின்றது. ஆகவே களைப்பு நீங்குவதில்லை, மறைகின்றது. ஆலையில் இரவுமுறை பார்த்தோர்க்கு இது நூலின்றியே தெரியும். பீடியின் நிகோடினோ சில விநாடிகளில் மூளையை எட்டி, டோபமீனைப் பெருக்கி, இன்னும் வேண்டும் என்னும் வேட்கையை வளர்க்கின்றது. கஞ்சாவின் சத்து பொருந்தும் இடத்தில் இயல்பாகவே பொருந்தும் உடற்பொருளொன்றை 1992இல் கண்டறிந்தோர், ‘ஆனந்தம்’ என்னும் சொல்லைக்கொண்டே அதற்கு ஆனந்தமைடு எனப் பெயரிட்டனர். பெயர் இனிது, கஞ்சா இளைஞரின் நினைவாற்றலைக் குலைப்பது இனிதன்று.

மதுவைப் பற்றியே விரித்துரைக்க வேண்டும். மூளையை அடக்கும் பொருள் காபா. தூண்டும் பொருள் குளுடமேட். மது முன்னதை வலுப்படுத்திப் பின்னதைத் தளர்த்தும். முதலில் நாணமும் நிதானமும் போகும். பிறகு நடை தள்ளாடும். ஆண்டுக்கணக்கில் குடிப்பவனுடைய மூளை இதற்கு ஈடாகத் தூண்டுதலை மிகுத்துப் பழகிவிடும். அவன் திடீரென நிறுத்தினால், அடக்குவதற்கு மது இல்லை. மிகுந்த தூண்டுதல் மட்டும் நிற்கும். கைநடுக்கமும் வியர்வையும் அன்றே தோன்றும். இரண்டு நாட்களுக்குள் வலிப்பு வரலாம். மூன்றாம் நாளளவில் இல்லாதவற்றைக் கண்டு பிதற்றலாம். கவனியாது விட்டால் உயிரும் போகலாம்.

வைசாகப் பௌர்ணமியன்று சீலம் ஏற்று, அன்றே குடியை விடும் சகோதரருக்கு இது நேரக்கூடும். பேய் பிடித்ததென்று வீட்டார் அஞ்சுவர். அல்லது ஒரு குவளை ஊற்றிக் கொடுத்து அடக்குவர். இரண்டும் தகாது. மருத்துவமனையில் சில நாட்கள் மருந்தளித்து, அதனைப் படிப்படியாகக் குறைப்பர்; நினைவு நிலையாகக் கெடாதிருக்க தயமின் என்னும் உயிர்ச்சத்தும் ஏற்றுவர். பெங்களூர் நிமான்ஸ் நிலையத்தில் இதற்கெனத் தனிப்பிரிவே உண்டு.

கருநாடகத்தில் 2007இல் சாராயத்தைத் தடுத்தனர். கடைப் புட்டிகளிலும் அதே எத்தனால்தான் என்பதைச் சிலர் மறக்கின்றனர். கள்ளச்சாராயத்திற் கலக்கும் மெத்தனாலோ உடலில் பார்மிக் அமிலமாகிக் கண் நரம்பைக் கெடுக்கும். 1981இல் பெங்களூரிலும் 2024இல் கள்ளக்குறிச்சியிலும் கூலி மக்கள் மாண்டது அதனாலேயே.

ஆதலின் சீலம் வேண்டி வருவோரிடம் உபாசகர்கள் மூன்றைக் கேட்டறிக: எத்தனை ஆண்டுப் பழக்கம், நாளொன்றுக்கு எவ்வளவு, முன்பு நிறுத்தியபோது வலிப்பு வந்ததுண்டா. ஐயம் இருப்பின் அவருடன் மருத்துவமனைக்குச் செல்க. சீலத்தை அங்கே கட்டிலருகிலும் ஓதுவிக்கலாம்.